காலாவதியான கடன்

நம் பங்கைச் சேர்ந்த அன்பர் ஒருவர் ஒருநாள் மாலை ஆலய முற்றத்தில் நம்மைச் சந்தித்தார். மகள் திருமணத்திற்காகப் பக்கத்துத் தெருவில் வாழும் கைம்பெண்ணான ஆச்சி ஒருவரிடம் 40,000 ரூபாய் கடன் பெற்று, புரோநோட்டு எழுதிக் கொடுத்திருந்தார். கேட்கும்போதெல்லாம் "அறுப்பு முடியட்டும் ஆச்சி" என்பார். அவரும் காத்திருந்தார். நான்காம் ஆண்டில் வழக்குத் தொடுத்தபோது, காலம் கடந்துவிட்டதென்று நீதிமன்றம் அதைத் தள்ளிவிட்டது. "சாமி, கோர்ட்டே தள்ளிருச்சு. இனியும் நான் கொடுக்கணுமா?" என்று கேட்டார். (பாவசங்கீர்த்தனத்தில் கேட்டதன்று, இதனை எழுத அவரே இசைவு தந்தார்.)

காரைக்குடி வட்டாரம் எழுத்தை மதிக்கும் மண். திருமணத்தைக்கூட 'இசைகுடிமானம்' என்று எழுதி வைக்கும் நகரத்தார் வாழுமிடம். எனினும், எழுத்து எவ்வளவு தாங்கும் என்பதையும் இம்மண் அறியும். 1942-இல் ஜப்பானியப் படை பர்மாவில் நுழைந்தபோது, கடன் பத்திரங்களோடு ஊர் திரும்பியோர் பலர். பத்திரம் பெட்டியில் இருந்தது, வசூலிக்க வழியில்லை. ஆச்சியின் நிலையும் ஏறக்குறைய அதுவே.

1963-ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டப்படி, கேட்டவுடன் தரவேண்டிய புரோநோட்டின் மீது, எழுதிய நாளிலிருந்து 3 ஆண்டுகளுக்குள் வழக்கிட வேண்டும். இடையில் ஒரு பகுதியைக் கொடுத்துப் பின்புறத்தில் வரவு எழுதிக் கையொப்பமிட்டால், அந்நாளிலிருந்து மீண்டும் 3 ஆண்டுகள். தெரிந்த மனிதர்தானே என்று ஆச்சி வரவு எதுவும் கேட்கவில்லை. சாட்சிகள் மறைவர், சீட்டுகள் தொலையும். ஆகவே வழக்கிற்கு ஓர் எல்லை வேண்டும் என்பது நியாயமே. ஆனால் இச்சட்டம் அடைப்பது நீதிமன்றக் கதவை மட்டுமே. காலாவதியான கடனைத் தருவதாகக் கடனாளி மீண்டும் எழுதிக் கையொப்பமிட்டால், புதிதாக எதுவும் பெறாதபோதும் அவ்வாக்குச் செல்லும் என்கிறது 1872-ஆம் ஆண்டின் ஒப்பந்தச் சட்டம், 25-ஆம் பிரிவு. கடன் அடியோடு அற்றுப்போயிருந்தால் இது எவ்வாறு கூடும்?

திருச்சபையோ இன்னும் கண்டிப்பானது. காலம் கடந்ததைக் காட்டிக் கடமையினின்று விடுபட விரும்புவோரிடம், தொடக்கத்தில் மட்டுமன்றி அக்காலம் முழுவதும் நல்மனம் இருந்திருக்க வேண்டும் என்கிறது 1983-ஆம் ஆண்டுச் சட்டத்தொகுப்பின் 198-ஆம் சட்டம். 1215-இல் நான்காம் இலாத்தரன் பொதுச்சங்கம் வகுத்த நெறி இது. கடன்பட்டதை அறிந்தே நாள்களை எண்ணிக்கொண்டிருந்தவரிடம் நல்மனம் ஏது?

தோபித்து நூலை எடுத்துப் பாருங்கள். மேதியா நாட்டில் கபேல் என்பவரிடம் பத்துத் தாலந்து வெள்ளியை ஒப்படைத்த தோபித்து, ஒப்பந்தச் சீட்டை இரண்டாக்கி ஆளுக்கொரு பாதி வைத்துக்கொண்டார். இருபது ஆண்டுகள் கழித்து, வானதூதர் இரபேல் அந்தச் சீட்டுடன் சென்றபோது, கபேல் முத்திரை குலையாத பைகளை எடுத்து வந்து எண்ணிக் கொடுத்தார். அது கடனன்று, வைப்பு. வேறுபாட்டை நாம் மறக்கவில்லை. ஆயினும் இருபது ஆண்டுகளாயின என்று கபேல் வாயெடுக்கவில்லை.

"அசல் சரி, வட்டியுமா சாமி?" என்றார் அன்பர். இங்கே நாம் சற்றுத் தயங்கினோம். எழுதியதெல்லாம் கொடுத்தே ஆகவேண்டியது என்று சட்டமும் எப்போதும் சொன்னதில்லை. இராஜாஜி அமைச்சரவை கொண்டுவந்த 1938-ஆம் ஆண்டின் சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம், 1937 அக்டோபர் 1-இல் நிலுவையிலிருந்த வட்டியைத் தள்ளியது. அசலைப்போல் இருமடங்கு ஏற்கெனவே செலுத்தியவரின் கடன் முழுவதும் தீர்ந்ததென்றது. புரோநோட்டைப் பற்றிச் சட்டமியற்ற மாகாணத்திற்கு அதிகாரமில்லை என்ற வாதம், சுப்பிரமணியன் செட்டியார் எதிர் முத்துசாமி கவுண்டன் வழக்கில் தில்லிக் கூட்டாட்சி நீதிமன்றம்வரை சென்றது. டிக்ரியாகிவிட்ட அக்கடனைக் குறைக்கச் சட்டத்திற்குத் தடையில்லை என்று 1940-இல் பெரும்பான்மை நீதிபதிகள் தீர்த்தனர். ஆனால் அச்சட்டம் வட்டி கட்டிக்கட்டி ஓய்ந்தவர்களுக்காக வந்தது. நம் அன்பர் ஒரு காசும் கட்டியவரல்லர். தவிர, அவர் தாமதத்தால் ஆச்சி வக்கீலுக்கும் நீதிமன்றக் கட்டணத்திற்கும் செலவழித்திருக்கிறார். அதுவும் இவர் விளைவித்த இழப்பே. வட்டியைக் குறைப்பதோ விடுவதோ ஆச்சியின் உரிமை. அதை அவரிடமே கேளும் என்றோம்.

"அவங்க முகத்தைப் பார்க்கிறதுதான் சாமி கஷ்டம்" என்றார்.

சென்ற வாரம் 10,000 ரூபாயுடன் ஆச்சி வீட்டிற்குச் சென்று வந்ததாகச் சொன்னார். ஆச்சி காப்பி கொடுத்தாராம். வக்கீல் செலவைப்பற்றிப் பேச்செடுக்கவில்லையாம். பணத்தை எண்ணி வாங்கிக்கொண்டு, மீதிக்குப் புதிதாக எழுதி, இம்முறை மறவாமல் கையொப்பமும் வாங்கிக்கொண்டாராம்.