நன்கொடையாளர் பட்டியல்

மலேசியாவின் பேராக் மாநிலத்தில் இருக்கும் எங்கள் ஊர் சித்தியவானைப் பற்றிய புத்தகங்களை அடுக்கினால் அலமாரியில் பாதித் தட்டுகூட நிறையாது. ஈப்போவின் கதை வேறு. அங்கே ஈயம் இருந்தது. ஈயம் இருந்த இடத்தில் பணமும், பணம் இருந்த இடத்தில் புத்தகமும் சேர்ந்துகொண்டன. ஈப்போ இருக்கும் கிந்தா பள்ளத்தாக்கைப் பற்றி கூ சல்மா நசுத்தியோனும் அப்துர் ரசாக் லூபிஸும் 2005-இல் கொண்டுவந்த நூலை மடியில் வைத்துப் படிக்க முடியாது, மேசை வேண்டும். ஹோ தாக் மிங் ஈப்போவைப் பற்றி எழுதியது 2009-இல் வந்தது. அதுவும் தடிமன்தான். எங்கள் ஊருக்கு ஒரு பக்கம் கடல், மறுபக்கம் செம்பனை. நடுவில் கம்போங் கோவின் மண் அடுப்பில் சுட்டெடுக்கும் கோங் பியான் ரொட்டி. இதை வைத்துக்கொண்டு எத்தனை புத்தகம் எழுதிவிட முடியும் என்று கேட்கிறவர்கள் உண்டு.

✻

பயண எழுத்தாளர் இசபெல்லா பேர்ட் 1879-இல் இந்தக் கடலோரமாகப் போனார். பங்கோரும் லுமுட்டும் அடங்கிய டிண்டிங்ஸ், 1874 பங்கோர் உடன்படிக்கைக்குப் பிறகு ஆங்கிலேயர் கைக்குப் போயிருந்த காலம். அது பேராக்கிடம் திரும்பி வந்தது 1935-இல்தான். அவருடைய பயணநூல் 1883-இல் அச்சானது. அதில் இந்தக் கரை, கப்பலில் போகிறவர் கண்ணுக்கு எப்படித் தெரியுமோ அப்படித்தான் இருக்கிறது. குற்றம் சொல்ல ஒன்றுமில்லை. அவர் இறங்கித் தங்க வந்தவர் அல்லர்.

✻

தங்க வந்தவர்கள் 1903-இல் வந்தார்கள். லூரிங் என்ற ஜெர்மானிய மெதடிஸ்ட் பாதிரியாரும் லிங் சிங் மீ என்ற சீனப் போதகரும் ஃபூச்சோ சீனர்கள் முந்நூறு பேருக்கு மேற்பட்டவர்களை அழைத்துவந்து குடியேற்றினார்கள். நெல் பயிரிடத்தான் ஏற்பாடு. கொஞ்ச காலத்தில் நெல் இருந்த இடத்தில் ரப்பர் நின்றது. இன்று அவர்களுக்கு ஓர் அருங்காட்சியகம் இருக்கிறது. வந்த ஆண்டு தெரியும், அழைத்து வந்தவர் பெயர் தெரியும், 2003-இல் நூறாண்டு நிறைவைக் கணக்குப் பார்த்துச் சொல்ல முடிந்தது.

அங்கே போய்விட்டு வரும்போதெல்லாம் எனக்குக் கொஞ்சம் பொறாமைதான். எங்கள் தமிழ் ஆட்கள் ஒரே நாளில் வந்திறங்கவில்லை. நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் கப்பலேறி, பினாங்கில் நோய்த்தடுப்பு முகாமில் கிடந்து, கங்காணி கைகாட்டிய திசையில் தோட்டம் தோட்டமாகப் பிரிந்து போனார்கள். 1938-இல் இந்திய அரசு இனி தொழிலாளரை அனுப்புவதில்லை என்று நிறுத்தும்வரை இது நடந்தது. எந்த நாளை வந்த நாள் என்று கொண்டாடுவது?

✻

இந்த ஊரில் பிறந்தவர்களில் உலகம் முழுக்கப் பெயர் தெரிந்தவர் சின் பெங். கடைத்தெருவில் அப்பாவுக்குச் சைக்கிள் கடை. பிறந்தது 1924-இல். பிறகு மலாயா கம்யூனிஸ்ட் கட்சியின் தலைமைச் செயலாளர். 1948-இல் சுங்கை சிப்புட்டில் மூன்று வெள்ளைக்காரத் துரைகள் சுடப்பட்டதும் அவசரகாலம் வந்தது, 1960 வரை நீடித்தது. அவருடைய தன்வரலாறு சிங்கப்பூரில் 2003-இல் வெளிவந்தது. குடியேற்றத்தின் நூறாவது ஆண்டும் அதுவே என்பது தற்செயல்தான். ஆனால் இரண்டும் அடுத்தடுத்து நிற்பதைப் பார்க்கும்போது, ஒரே ஊர் ஒரே ஆண்டில் தன் கதையை இரண்டு விதமாகச் சொன்னதுபோல் இருக்கிறது.

அந்தப் புத்தகத்தைவிட என்னை அதிகம் யோசிக்க வைப்பது அதற்குப் பிறகு நடந்த வழக்கு. 1989-இல் ஹாட்யாயில் சமாதான ஒப்பந்தம் கையெழுத்தாகி, ஊர் திரும்ப விரும்பி நீதிமன்றம் போனார். இங்கே பிறந்ததற்குப் பிறப்புப் பத்திரத்தைக் காட்டு என்றார்கள். 1948-இல் போலீஸ் சோதனையில் எல்லாம் போய்விட்டது என்றார். 2009-இல் வழக்கு தோற்றது. 2013-இல் பாங்காக்கில் இறந்தார். தான் பிறந்த ஊரைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதியவரிடம் அந்த ஒற்றைத்தாள் இல்லை.

அவருடைய அரசியல் சரியா தவறா என்பதில் இங்கே ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு பதில் இருக்கிறது. அதற்குள் நான் போகவில்லை. ஆனால் தாள் இல்லாத கதை தோட்டத்துத் தமிழனுக்குப் புதிதில்லை. லயத்தில் மருத்துவச்சி கையில் பிறந்து, பதியாமலே வளர்ந்து, குடியுரிமை இல்லாதவருக்கான சிவப்பு அடையாள அட்டையோடு வயதாகிப்போன பெரியவர்கள் என் தெருவிலேயே உண்டு. அவர்கள் யாரும் நீதிமன்றம் போகவில்லை.

✻

தமிழர்களைப் பற்றிய புத்தகங்களுக்குக் குறைவில்லை. கெர்னியல் சிங் சந்து 1969-இல் எழுதியதில் மலாயாவுக்கு வந்த இந்தியர் ஆண்டுவாரியாக அட்டவணையில் நிற்கிறார்கள். ரவீந்திர ஜெயின் ஒரு தோட்டத்திலேயே தங்கி, யார் யாருக்குச் சொந்தம், யார் யாரோடு பேசுவதில்லை என்பதுவரை கவனித்து 1970-இல் நூலாக்கினார். ஆனால் தோட்டத்தின் பெயரை மறைத்து, பால் மலாயு என்று தானே ஒரு பெயர் வைத்துவிட்டார். அந்தத் துறையில் அது முறை. நல்ல முறையும்கூட. இருந்தாலும் படித்து முடித்ததும் ஓர் ஏக்கம் மிஞ்சுகிறது: இவ்வளவு நெருக்கமாகத் தெரிந்துகொண்ட மனிதர்களின் பெயர் மட்டும் நமக்குக் கிடைக்காது.

நாவல்களில் பெயர் இருக்கும், ஆள் கற்பனை. அகிலன் வந்து பார்த்துவிட்டுப் போய் ‘பால்மரக் காட்டினிலே’ எழுதினார். ஆர். சண்முகத்தின் ‘சயாம் மரண ரயில்’, அ. ரெங்கசாமியின் ‘நினைவுச்சின்னம்’ இரண்டும் ஜப்பான்காரன் காலத்தில் தோட்டங்களிலிருந்து தண்டவாளம் போட இழுத்துச் செல்லப்பட்டவர்களின் கதை. நல்ல புத்தகங்கள். சித்தியவான் ஆள் எத்தனை பேர் போனார்கள், எத்தனை பேர் திரும்பினார்கள் என்பதற்கு நாவலிடம் பதில் கேட்கக்கூடாது.

✻

என்னிடம் ஒரு கும்பாபிஷேக மலர் இருக்கிறது. ஊர்ப்பக்கத்து அம்மன் கோவில் ஒன்றுக்காக அச்சடித்தது. அட்டை வழவழப்பு, உள்ளே தாள் மட்டம். முதுகில் குத்திய இரண்டு கம்பியும் துருப்பிடித்து நடுப்பக்கத்தில் காவி வட்டம் போட்டிருக்கின்றன. முதலில் மந்திரியின் வாழ்த்து, சட்டமன்ற உறுப்பினரின் வாழ்த்து, தலைவர் செயலாளர் பொருளாளர் மாலையோடு. பிறகு நகைக்கடை, சேலைக்கடை, லாரி போக்குவரத்து விளம்பரங்கள். தல வரலாறு ஒன்றரைப் பக்கம். புற்று, கனவு, ஒரு மண்டோர், அதாவது தோட்டத்து மேஸ்திரி. எல்லாத் தோட்டத்து அம்மனுக்கும் ஏறக்குறைய இதே வரலாறுதான், பெயரை மாற்றிக்கொள்ளலாம்.

யாரும் படிக்காத பக்கங்கள் கடைசியில் வருகின்றன. நன்கொடையாளர் பட்டியல். மிகச் சிறிய எழுத்து, இரண்டு பத்தி. தலைப்பெழுத்து, பெயர், பக்கத்தில் தொகை. ஐந்து வெள்ளி, பத்து வெள்ளி, ஓரிடத்தில் இரண்டு வெள்ளி. கொடுத்தவர்களைத் தோட்டம் வாரியாகப் பிரித்திருக்கிறார்கள். சுங்கை வாங்கி, சொகமானா, காஷ்வூட். அதற்குள்ளும் மேல் டிவிஷன், கீழ் டிவிஷன். சிலர் பெயருக்கு முன்னால் தொழில்: கிராணி, டிரைவர், ஆயா. ஒரே ஆறாம் லயத்தில் ஒரே பெயருள்ள இருவர் இருந்ததால் ஒருவருக்கு அடைப்புக்குறிக்குள் ‘ஆட்டுக்காரர்’ என்று போட்டிருக்கிறார்கள்.

ரவீந்திர ஜெயின் மறைத்ததை இந்த மலர்க் குழு மறைக்கவில்லை. சந்து அட்டவணையாக்கியதை இவர்கள் பெயராக வைத்திருக்கிறார்கள்.

✻

தோட்டத்திலேயே பிறந்து பால் வெட்டிய பக்கத்து வீட்டுப் பெரியம்மாவிடம் பட்டியலைப் படித்துக் காட்டினேன். அவருக்குக் கண் மங்கல். காது சுத்தம்.

“நிறுத்து. அவரு அஞ்சு வெள்ளியா குடுத்தாரு? அந்த மனுசன் கள்ளுக்குக்கூட அஞ்சு வெள்ளி எடுக்க மாட்டாரே.”

அடுத்த பெயருக்கு, “காண்டா வாளியோட வழுக்கி விழுந்து அம்புட்டு பாலும் கொட்டிருச்சு. அன்னைக்குப் பேரு போடல அவருக்கு.” பேர் போடவில்லை என்றால் அன்றைய கூலி இல்லை.

இன்னொன்றுக்கு ஒன்றும் சொல்லவில்லை. மறுபடி படி என்றார். படித்தேன். “அது எங்க நிரைக்கு அடுத்த நிரை” என்று மட்டும் சொன்னார்.

ஒரு பக்கத்தை முடிக்க மாலையாகிவிட்டது. அன்று அவர் சொன்னதையெல்லாம் எழுதியிருந்தால் பட்டியலைவிடப் பெரிதாக வந்திருக்கும்.

✻

இந்தப் பெயர்கள் ஏன் கோவில் மலரில் மட்டும்? லயம் தோட்டத்துடையது. பால் பிடிக்கும் மங்கும் வெட்டும் கத்தியும் ஸ்டோரிலிருந்து வந்தவை. காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டில் கூப்பிட்ட பெயர் ஆபீஸ் புத்தகத்தில் இருந்தது. தோட்டம் கைமாறியபோது புத்தகமும் போனது. பள்ளிக்கூடத்தையும் சட்டத்துக்காகத் தோட்டமே கட்டியது. ஐம்பதுகளிலும் அறுபதுகளிலும் பெரிய தோட்டங்களைத் துண்டு போட்டு விற்றார்கள், பிறகு ரப்பரைச் சாய்த்துச் செம்பனை நட்டார்கள். ஜனங்கள் தாமான் எனப்படும் குடியிருப்புகளின் வீடுகளுக்குப் போனார்கள். தமிழ்ப்பள்ளிகளின் பெயர்ப் பலகையில் மட்டும் இன்னும் ‘தோட்டம்’ இருக்கிறது.

கோவில் ஒன்றுதான் அவர்கள் காசில் நின்றது. சம்பள நாளன்று பிடித்த சந்தா, மேசைமேல் வைத்த சில்லறை. தன் காசு போன இடத்தில் தன் பெயரை எழுதச் சொல்லிக் கேட்க அவர்களுக்கு உரிமை இருந்தது. ஃபூச்சோக்காரர்களுக்கு நிலம் கிடைத்தது, அதனால் வரலாறும் எழுதிக்கொண்டார்கள். நமக்கு ஒரு கருவறை அளவு இடம்தான் சொந்தம், அந்த அளவுக்குத்தான் எழுத முடிந்தது. இப்படி யோசிப்பது சரியா என்று தெரியவில்லை, ஆனால் இதைவிடச் சரியான காரணம் எனக்குத் தோன்றவுமில்லை.

இந்த மலர்களைக் கரையான் தின்கிறது. பழைய பேப்பர் லாரிக்குப் போகிறது. 1924-இல் தொடங்கிய ‘தமிழ் நேசன்’ நாளிதழ் 2019-இல் நின்றபோது கட்டுரை எழுதி வருந்தினோம். மலர் எடைக்குப் போகும்போது யாரும் வருந்துவதில்லை, அதை நூல் என்றே யாரும் நினைப்பதில்லையே.

✻

அதே கோவிலில் அடுத்த கும்பாபிஷேகத்துக்கு வேலை நடக்கிறது. இந்த முறை ஐந்நூறு வெள்ளிக்கு மேல் கொடுத்தவர்கள் பெயரை மட்டும் போடுவதாக முடிவு. மற்றவர்கள் ‘மற்றும் பக்த கோடிகள்’. செயலாளரைப் பார்த்து, எல்லாப் பெயரையும் போடுங்கள், முன்பு எந்தத் தோட்டத்தில் இருந்தார் என்பதையும் சேர்த்துப் போடுங்கள் என்றேன். அவர் பொறுமையாகக் கேட்டார். கால்குலேட்டரை எடுத்துத் தட்டினார்.

“முப்பது பக்கம் கூடும் சார். யாரு ஸ்பான்சர் பண்றது?”