எரிச்சலை வீணாக்காதே!

வேலைக்குப் போகிற இடத்தில் உனக்கு எரிச்சல் வருகிறதா? யாரும் படிக்காத அறிக்கைகள், இழுத்து இழுத்துப் பேசும் மேலாளர், நாளுக்கொரு சுற்றறிக்கை, இவையெல்லாம் உன்னை அரிக்கின்றனவா? அந்த எரிச்சலை டீக்கடையில் புலம்பித் தீர்த்துவிடாதே. அதுதான் உன் முதல்! அமெரிக்க அனிமேஷன் கலைஞர் மைக் ஜட்ஜ் அதைப் போட்டுத்தான் ஜெயித்தார்.

ஈக்வடாரில் 1962இல் பிறந்து, அமெரிக்காவின் நியூ மெக்சிகோவில் வளர்ந்தவர் அவர். இயற்பியல் பட்டதாரி. போர் விமான மின்னணுத் துறையில் வேலை பார்த்தார். 1987இல் சிலிக்கான் வேலியில் ஒரு சின்னக் கணினி நிறுவனத்தில் சேர்ந்தார். ஏறக்குறைய மூன்றே மாதம், வெளியே வந்துவிட்டார். பிறகு ப்ளூஸ் குழுக்களில் பேஸ் கிட்டார் வாசித்தார். இப்படி ஒரு பிள்ளை நம் வீட்டில் இருந்தால் சொந்தபந்தம் என்ன பேசும் என்று உனக்கே தெரியும்.

1989இல் ஒரு போலெக்ஸ் 16 எம்.எம். கேமரா வாங்கினார். அனிமேஷன் கல்லூரியில் படித்ததில்லை, பின்னால் ஸ்டுடியோவும் இல்லை. திரையில் ஒரு நொடிக்கு 24 பிரேம்கள் ஓடும். ஒரு ஓவியத்தை இரண்டு பிரேமுக்கு நிறுத்தினாலும் ஒரு நிமிட அசைவுக்கு 720 ஓவியம் வேண்டும். வீட்டிலேயே உட்கார்ந்து வரைந்தார். தானே குரல் கொடுத்தார். அவர் கோடுகள் அழகானவையும் அல்ல. முகங்கள் கோணல்மாணலாக இருக்கும். ஆனால் அவர் குறும்படங்களில் வரும் குமாஸ்தா மில்டனைப் பார்! மேலாளர் வந்து, மேசையை இன்னும் கொஞ்சம் தள்ளிப் போடு என்கிறார். மில்டன் வாய்க்குள்ளேயே முணுமுணுக்கிறான். இந்தக் கட்டடத்தையே கொளுத்திவிடுவேன் என்கிறான். அலுவலகத்தில் நொந்தவன் எவனுக்கும் அந்த முணுமுணுப்பு புரியும். வரையத் தெரியாது, தொழில்நுட்பம் தெரியாது என்று நீ சொல்லும் சாக்கெல்லாம் அந்த ஒரு முகத்தின் முன் நிற்குமா?

கதவு திறந்தது. 1993இல் எம்டிவியில் ‘பீவிஸ் அண்ட் பட்-ஹெட்’. சோபாவில் உட்கார்ந்து உலகத்தையே கிண்டலடிக்கும் இரண்டு மண்டூகங்கள். இருவருக்கும் குரல் ஜட்ஜேதான். பெரியவர்கள் முகம் சுளித்தார்கள், அவர் அசரவில்லை. 1997இல் புரொப்பேன் எரிவாயு விற்கும் ஒரு டெக்சாஸ்காரரின் குடும்பக் கதையாக ‘கிங் ஆஃப் த ஹில்’; முதல் ஓட்டத்திலேயே 13 சீசன்கள்!

அடுத்து விழுந்த அடியைக் கேள். மில்டனை வைத்து 1999இல் ‘ஆபீஸ் ஸ்பேஸ்’ படம் எடுத்தார். சுமார் ஒரு கோடி டாலர் செலவு. அமெரிக்கத் திரையரங்குகளில் வசூல் அதைவிடக் கொஞ்சம்தான் கூட. படுத்துவிட்டது என்றார்கள். ஆனால் கேபிளிலும் டிவிடியிலும் மக்கள் தேடித் தேடிப் பார்த்தார்கள். படத்தில் மில்டன் உயிராய்க் காக்கும் சிவப்பு ஸ்டேப்ளர், படக்குழு பெயின்ட் அடித்தது; ஸ்விங்லைன் நிறுவனம் அன்று அந்த நிறத்தில் விற்கவே இல்லை. கேட்டுக் கேட்டு ரசிகர்கள் விடவில்லை. நிறுவனமே சிவப்பு ஸ்டேப்ளரைக் கடைக்குக் கொண்டுவந்தது!

2006இல் ‘இடியோக்ரசி’. செடிக்குத் தண்ணீருக்குப் பதில் பாட்டில் பானம் ஊற்றும் எதிர்கால முட்டாள் சமுதாயத்தின் கதை. விளம்பரமே இல்லாமல், சுமார் 130 திரையரங்குகளில் மட்டும் போட்டுக் கைகழுவினார்கள். என்னைக் கேட்டால், ஒரு கலைஞனுக்கு இதைவிடப் பெரிய அவமானம் கிடையாது. இன்று அரசியல் கூத்து எல்லை மீறும்போதெல்லாம் அமெரிக்கர்கள் வாயில் வரும் பெயர் அந்தப் படத்துடையது.

உன் படைப்பை ஒருவன் புதைத்தால், அழுதுகொண்டு அங்கேயே நிற்காதே. அடுத்ததைத் தொடங்கு! ஜட்ஜ் தொடங்கினார். 2014இல் எச்பிஓவில் ‘சிலிக்கான் வேலி’, ஆறு சீசன்கள். வாலிபத்தில் மூன்று மாதம் மூச்சுத் திணறிய அதே ஊர், 27 ஆண்டு கழித்து அவர் கைக்குள்! அந்த மூன்று மாதத்தை வீண் என்று யாராவது சொல்லட்டும் பார்ப்போம்.

உனக்கும் அப்படி ஒரு மூன்று மாதம் இருக்கிறது. இன்று உன்னை எரிச்சல்படுத்தியவர் யார்? என்ன சொன்னார், எந்த இழுவையில் சொன்னார், பேனாவை எப்படிச் சுழற்றினார்? மறக்கும் முன் எழுது. வரைய வந்தால் வரை. குரல் வந்தால் போனில் பேசிப் பதிவு செய். இன்றைக்கே!