வெறும் மரக்கட்டைதானே?

கருவி செய்து கொடுப்பவன், அக்கருவியால் விளையும் தீமைக்குப் பொறுப்பாளி ஆவானா? குருமடத்தில் அறநெறி இறையியல் பயின்ற நாள்களில் இவ்வினாவை நாம் ஏட்டிலே படித்தோம், தேர்விலே விடை எழுதினோம், பின்பு மறந்தோம். திருவெண்ணெய்நல்லூர்ப் பகுதியில், தென்பெண்ணைக் கரையோரச் சிற்றூர் ஒன்றில், ஓர் அன்பியக் கூட்டம் முடிந்த இரவில் அவ்வினா மீண்டும் நம்மைத் தேடி வந்தது.

அன்றைய சிந்தனைக்கு எடுத்துக்கொண்டது கொலை செய்யாதே என்னும் ஐந்தாம் கட்டளை. அமெரிக்காவில் பணிபுரிந்து விடுமுறைக்கு வந்திருந்த இளைஞர் ஒருவர், அங்கே தம் நண்பர் வீட்டில் கண்டதைச் சொன்னார். அந்த நண்பரிடம் ஓர் அரைத் தானியங்கித் துப்பாக்கி இருந்ததாம். விசையை ஒருமுறை அழுத்தினால் ஒரு குண்டு பாயும். அடுத்த குண்டு தானே வந்து அமர்ந்துகொள்ளும். சுடும்போது இடக்கை பற்றும் இடத்தில், குழலைச் சுற்றி ஒரு கைக்காப்பு உண்டு. நண்பர் துப்பாக்கியைச் சமையலறை மேசைமீது கிடத்திப் பழைய கைக்காப்பைக் கழற்றிவிட்டு, அஞ்சலில் வந்த புதியதைப் பொருத்தினாராம். மிதிவண்டிக்குக் கைப்பிடி மாற்றுவது போன்ற வேலை. அதே மேசையின் மறுமுனையில் பிள்ளைகள் வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருந்தார்களாம். "அங்கே யாருக்கும் அது பெரிய செய்தியாகப் படவில்லை, சாமி" என்று முடித்தார். நம் மக்கள் வியந்தார்கள், அந்நாட்டைக் குறைகூறினார்கள், மன்றாட்டுச் சொல்லிக் கலைந்தார்கள்.

ஒருவர் மட்டும் போகவில்லை. தச்சுத் தொழில் செய்யும் நம் பங்குமகன் அவர். எல்லாரும் சென்றபின் தயங்கித் தயங்கிப் பேசினார். கல்வராயன் மலையடிவாரத்தில் அவருடைய மைத்துனருக்குச் சிறிது நிலம் உண்டு. மக்காச்சோளமும் மரவள்ளியும் பயிரிடுகிறார். காட்டுப்பன்றிகள் கூட்டமாக வந்து ஒரே இரவில் கொல்லையை உழுதுவிட்டுப் போகின்றன. அவரிடம் பாட்டன் காலத்து நாட்டுத் துப்பாக்கி ஒன்று இருக்கிறது, உரிமம் இல்லை. குழலைத் தாங்கி, கை பிடிக்க உதவும் முன்பக்க மரம் பிளந்துவிட்டது. அதை மட்டும் கொண்டுவந்து, "இதைப்போல் ஒன்று செய்து கொடுங்கள், மாமா" என்று கேட்டிருக்கிறார். "செய்யலாமா, சாமி?" என்பதே தச்சரின் வினா.

நாம் சற்றும் எண்ணிப் பாராமல், "வெறும் மரக்கட்டைதானே!" என்று சொல்லிவிட்டோம்.

அவர் தலைகுனிந்து நின்றார். பிறகு மெல்லக் கேட்டார்: "வெறும் மரக்கட்டை என்றால், அதை ஏன் சாமி இரவு பத்து மணிக்குச் சாக்கில் சுற்றிக் கொண்டுவந்தார்?"

நமக்கு மறுமொழி எழவில்லை. மறுநாள் காலை வரை பொறுத்திருக்குமாறு சொல்லி அவரை அனுப்பிவிட்டு, பழைய பாடங்களை நினைவில் கிளறிக்கொண்டு விழித்திருந்தோம்.

புனித தாமஸ் அக்குவினார் தம் இறையியல் தொகுப்பில் கைவினைஞரைப் பற்றி ஒரு கேள்விக்கு விடை சொல்கிறார். பாவத்திற்கன்றி வேறெதற்கும் பயன்படாத பொருளைச் செய்பவன் அதைச் செய்வதாலேயே பாவம் செய்கிறான். வாள், அம்பு போல நன்மைக்கும் தீமைக்கும் பயன்படக்கூடியவற்றைச் செய்யும் தொழில் தன்னளவில் பாவமன்று என்பது அவர் கருத்து. நாம் தச்சருக்கு அவசரமாகச் சொன்ன விடையின் வேர் இதுவே. ஆனால் அக்குவினார் பேசுவது தொழிலைப் பற்றி. இன்ன இரவில், இன்ன மனிதருக்கு, இன்ன கட்டையைச் செய்து கொடுக்கலாமா என்னும் கேள்விக்கு அது முழு விடை ஆகாது.

அந்த இடைவெளியை நிரப்ப முயன்றவர்களுள் தலையாயவர் 18ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த புனித அல்போன்ஸ் லிகோரி. பிறர் செய்யும் தீமைக்குத் துணைபோவதில் இருவகை உண்டென அவர் விளக்கினார். தீயவனின் நோக்கத்தையே தன் நோக்கமாக்கிக்கொண்டு உதவுவது ஒன்று. அது எந்நாளும் ஆகாது. நோக்கத்தில் பங்கின்றிச் செயலில் மட்டும் கைகொடுப்பது மற்றொன்று. இதில் தான் செய்யும் செயல் தன்னளவில் குற்றமற்றதா, தீமைக்கு எவ்வளவு அருகில் நிற்கிறது, உதவுவதற்குத் தக்க காரணம் உண்டா என்பனவற்றையெல்லாம் நிறுத்துப் பார்க்க வேண்டும். 1995ஆம் ஆண்டில் திருத்தந்தை புனித இரண்டாம் யோவான் பவுல் வழங்கிய 'வாழ்வின் நற்செய்தி' என்னும் சுற்றுமடலும் தீமைக்குத் துணைபோதல் குறித்து இதே வழியில் எச்சரிக்கிறது.

மைத்துனர் தீயவர் அல்லர். பயிரைக் காக்க நினைப்பது பாவமும் அன்று. ஆயினும் உரிமமற்ற துப்பாக்கி ஒரு வீட்டுப் பரணில் கிடப்பது பன்றியோடு முடிகிற செய்தியா? வரப்புத் தகராறு வருகிறது, குடிபோதை வருகிறது, சிறுவன் விளையாட்டாகக் கையில் எடுக்கிறான். பிளந்த கட்டையோடு மூலையில் முடங்கிக் கிடக்கும் துப்பாக்கியை மீண்டும் தோளுக்கு உயர்த்தித் தருவது இந்தத் தச்சரின் உளிதான். பொருள் மரமாயினும் செயல் துப்பாக்கியைச் செப்பனிடும் செயலே.

நாட்டுச் சட்டமும் இதைத்தான் சொல்கிறது. 1959ஆம் ஆண்டின் ஆயுதச் சட்டம், துப்பாக்கி வைத்திருப்பதற்கு மட்டுமன்றி அதைப் பழுதுபார்ப்பதற்கும் உரிமம் கேட்கிறது. ஆயுதம் என்னும் சொல்லுக்குள் அதன் உறுப்புகளையும் அடக்குகிறது. உரிமமின்றிச் செய்வோருக்கும் செப்பனிடுவோருக்கும் 2019ஆம் ஆண்டின் திருத்தம் ஏழு ஆண்டுக்குக் குறையாத சிறைத்தண்டனையை விதித்துள்ளது. இச்சட்டத்திற்கு முன்பிருந்தது 1878ஆம் ஆண்டில் லிட்டன் பிரபு காலத்தில் வந்த சட்டம்; ஆள்வோர் அடிமைப்பட்டோரை அஞ்சி இயற்றியது அது. அந்தக் கசப்பு நம் முன்னோருக்கு உண்டு. ஆனால் இன்றைய சட்டத்தை நம் குழந்தைகளின் உயிருக்கு இட்ட வேலியாகவே நாம் காண வேண்டும்.

அமெரிக்கச் சட்டமோ வேறு வழியில் செல்கிறது. 1968ஆம் ஆண்டு முதல் அங்கே, துப்பாக்கியின் இயக்கப் பொறிகள் அடங்கிய உடற்பகுதி ஒன்றையே துப்பாக்கி எனக் கணக்கிடுகிறார்கள். அதில்தான் எண் பொறிக்கப்படும். அதை வாங்கத்தான் விதிகள். கைக்காப்பு போன்ற பிற உறுப்புகளைப் பெரும்பாலான மாநிலங்களில் எவரும் வாங்கி வீட்டிலேயே மாட்டிக்கொள்ளலாம். ஒரு சட்டம் பழியை ஓர் உறுப்பில் குவிக்கிறது. மற்றொன்று எல்லா உறுப்புகளுக்கும் பங்கிடுகிறது. சட்டங்கள் நாட்டுக்கு நாடு மாறலாம். மனச்சான்றுக்கோ உறுப்புகளைக் கழற்றிக் கழற்றி, 'இதில் குற்றமில்லை, அதில் குற்றமில்லை' என்று சொல்லிக்கொண்டே போகும் உரிமை இல்லை. ஒரு செயல் நல்லதாவதற்கு அது முழுமையும் நல்லதாக இருக்க வேண்டும். தீயதாவதற்கு ஒரு குறை போதும் என்பது திருச்சபை அறிஞர்களின் பழைய விதி.

அவ்விரவில் மற்றோர் எண்ணமும் நம்மை உறங்கவிடவில்லை. கைக்காப்பு எதற்காக ஏற்பட்டது? வெடிமருந்து எரியும் வெப்பத்தாலும், குண்டு குழலுக்குள் உராய்ந்து செல்வதாலும் இரும்பு சூடேறுகிறது. ஒருமுறை சுட்டுவிட்டு மருந்து கெட்டித்து மறுமுறை சுடும் பழைய துப்பாக்கியில் இந்தச் சூடு பெரிதாகத் தெரியாது. அதன் மரம் குழலைத் தாங்கவும் பிடிக்கவும் மட்டுமே. 19ஆம் நூற்றாண்டின் இறுதியில், விரைந்து சுடும் துப்பாக்கிகள் வந்தபோதுதான் குழலின் மேற்புறத்தையும் மரத்தால் மூட வேண்டியதாயிற்று. இன்று அம்மரத்தின் இடத்தில் நெகிழியும் அலுமினியமும் வந்திருக்கின்றன. அடுத்தடுத்துப் பல குண்டுகள் பாயும் என்று எதிர்பார்த்தே அந்த உறுப்பு உண்டாயிற்று. அது கையைக் காக்கிறது. கூடவே, தான் என்ன செய்துகொண்டிருக்கிறோம் என்பதைச் சூட்டால் அறிந்துகொள்ளும் வாய்ப்பையும் கையிடமிருந்து எடுத்துவிடுகிறது.

அன்புக்குரியவர்களே, துப்பாக்கியை நம்மில் பலர் தொட்டதுகூட இல்லை. ஆயினும் கைக்காப்பு இல்லாதவர் நம்மில் எத்தனை பேர்? காட்டுப்பன்றிக்கு என்று சொல்லி வயல்வேலியில் திருட்டு மின்சாரம் பாய்ச்சுகிறவர், அடுத்த நிலத்துக்காரர் இருட்டில் அதில் சிக்கி மாண்டால் 'நான் பன்றிக்குத்தானே வைத்தேன்' என்கிறார். கள்ளச்சாராயத்திற்கு வண்டி வாடகைக்கு விட்டவர், 'நான் வண்டிதானே கொடுத்தேன்' என்கிறார். 2023இல் மரக்காணம் பகுதியிலும் 2024இல் கள்ளக்குறிச்சியிலும் நச்சுச் சாராயத்தால் மாண்டவர்களின் வீடுகள் நமக்குத் தொலைவில் இல்லை. 'கையெழுத்து மட்டும் போட்டேன்', 'சொன்னதைச் செய்தேன்', 'வெறும் மரக்கட்டைதானே' என்னும் சொற்களெல்லாம், செயலின் சூடு நம் கையை எட்டாதபடி நாம் மாட்டிக்கொள்ளும் கைக்காப்புகள். அவற்றுள் ஒன்றை அன்று ஒரு தச்சருக்கு எடுத்து நீட்டியவர்கள் நாமே.

விடிந்ததும் தச்சர் வந்தார். "செய்ய வேண்டாம்" என்றோம். அவசரப்பட்டு உரைத்ததற்காக மன்னிப்பும் கேட்டோம். "அது எனக்கு இரவே தெரிந்துவிட்டது, சாமி. என் மனைவியின் தம்பிக்கு அதை எப்படிச் சொல்வது என்பதுதான் தெரியவில்லை" என்றார். அறநெறி நூல்கள் சுமையை நிறுத்துக் காட்டும். தூக்கிக்கொண்டு நடப்பவர் மனிதர்தாம். மனைவியின் உடன்பிறப்பு வாய்விட்டுக் கேட்டதை மறுப்பது நம் குடும்பங்களில் எளிய செயலா?

அவர் அந்தக் கட்டையைச் சாக்கில் மறைக்காமல், பகலில், கையில் பிடித்தபடியே மைத்துனர் வீட்டுக்குக் கொண்டுபோனார். மறுத்ததோடு நின்றுவிடவில்லை. சோளம் கதிர் பிடிக்கும் பருவத்தில், தாமும் தம் மகன்களும் முறைவைத்து இரவுக்காவலுக்கு வருவதாகச் சொன்னார். மைத்துனர் மறுமொழி சொல்லாமல் எழுந்து உள்ளே போய்விட்டாராம். இரண்டு மாதம் பேச்சில்லை. ஆனால் பருவம் வந்தபோது தச்சர் சொன்னபடியே போய், கொல்லையில் தாமே பரண் கட்டி, தகரத்தைத் தட்டிக்கொண்டு விழித்திருந்தார். அந்த அறுவடைக்குப் பின் மைத்துனர் துப்பாக்கியைக் காவல்துறையிடம் தாமாகவே ஒப்படைத்துவிட்டார். மலையோர ஊர்களில் காவல்துறை விடுக்கும் அழைப்பை ஏற்றுப் பலர் இவ்வாறு ஒப்படைத்திருக்கின்றனர். பன்றிகள் இன்னும் வருகின்றன. விளைச்சலில் ஒரு பங்கு இன்னும் போகிறது. மைத்துனரின் முகமும் முழுதாக மலர்ந்துவிடவில்லை.

நாம் வாழும் இவ்வூருக்கு ஒரு பழம்பெருமை உண்டு. மணக்கோலத்தில் இருந்த சுந்தரரை, முதியவர் வடிவில் வந்த இறைவன் ஓலை காட்டித் தடுத்து, இவ்வூர் அவையில் வழக்குரைத்துத் தம் ஆளாக்கிக்கொண்டார் எனப் பெரியபுராணம் சொல்கிறது. தடுத்தாட்கொள்ளுதல் என்று அதற்குப் பெயர். தடுப்பதும் அருளின் ஒரு வடிவே என்பதை இம்மண்ணின் சைவ மக்கள் நெடுங்காலமாக அறிந்திருக்கிறார்கள். நம் ஆண்டவரும் கெத்சமனித் தோட்டத்தில் பேதுருவின் கையைத் தடுத்தார். பேதுருவின் நோக்கம் ஆண்டவரைக் காப்பதுதான். ஆயினும் வாள் உறைக்குள் திரும்ப வேண்டும் என்றார். வெட்டுண்டவனின் காதைத் தொட்டு நலமாக்கினார். தடுத்த கையே குணமாக்கும் கையாகவும் இருந்தது.

அந்தக் கை நாசரேத்தில் சூசையப்பரின் பட்டறையில் மரம் இழைத்துப் பழகிய கை. இனி நம்மிடம் ஒருவர் ஒரு சிறு உதவி கேட்டு வரும்போது, 'இது வெறும் மரக்கட்டைதானே' என்று சொல்ல நாவெழுந்தால், அது பகலில் வந்ததா, சாக்கில் வந்ததா என்று பார்ப்போம். மறுக்க நேர்ந்தால், மறுத்தபின் அவருடைய கொல்லையில் விழித்திருக்கவும் ஆயத்தமாவோம்.