முனி போன கண்மாய்



இளையாத்தங்குடி சுற்றுவட்டாரத்தில் வளர்ந்த யாரைக் கேட்டாலும் கண்மாயைப் பற்றி ஒரு பயம் சொல்லுவார்கள். "உச்சி வேளையில மடைப்பக்கம் போகாதடா, முனி அடிச்சிரும்." "பொழுது சாஞ்சா உள்வாய்ல நிக்காத, கொள்ளிவாய்ப் பிசாசு வழிகாட்டுற மாதிரி கூட்டிட்டுப் போயி சேத்துல அமுக்கிரும்." இதைக் கேட்காத பிள்ளை எங்கள் பக்கத்தில் கிடையாது. நானும் கேட்டு வளர்ந்தவன்தான்.

விசுவாசத்துக்குள் வந்த நம்மில் அநேகருக்கு இந்தப் பயம் போய்விட்டது. அதற்காகக் கர்த்தருக்கு ஸ்தோத்திரம். ஆனால் ஒரு கேள்வி வெகுநாளாய் என்னைக் குடைகிறது. பொய்யான ஒரு பயம் நல்ல பொருள் ஒன்றைக் காவல் காத்துக்கொண்டிருந்தது என்று வைத்துக்கொள்வோம். அந்தப் பயத்தைத் துரத்தியவனுக்கு அதன்பின் கடமை ஏதாவது உண்டா, இல்லையா?

முதலில் அந்த வெளிச்சத்தைப் பார்ப்போம். அது முழுப் பொய் அல்ல. சேற்றுக்கடியில் இலைதழை அழுகும்போது மீத்தேன் என்ற எரியும் வாயு உண்டாகிறது. 1776-ல் இத்தாலி தேசத்து வோல்டா என்பவர் மஜோரே ஏரியின் சேற்றைக் கிளறி, வந்த குமிழிகளைப் பிடித்து, கொளுத்திக் காட்டினார். நாம் கொள்ளிவாய்ப் பிசாசு என்கிறதை வங்காளத்து மீனவர்கள் ஆலேயா என்கிறார்கள். தண்ணீரில் மாண்ட மீனவருடைய ஆவி என்று நடுங்குகிறார்கள். நெருப்புக்குச்சி இல்லாமல் அந்த வாயு எப்படிப் பற்றுகிறது என்பதை இன்றைக்கும் விஞ்ஞானிகள் ஆராய்ந்துகொண்டுதான் இருக்கிறார்கள். எப்படியிருந்தாலும் அதற்கு வாயும் இல்லை, கொள்ளியும் இல்லை.

இன்னொரு வேடிக்கை. நம்முடைய ஜனங்கள் அசுத்த ஆவியைத் தண்ணீருள்ள இடத்தில் தேடுகிறார்கள். மத்தேயு 12-ம் அதிகாரத்திலோ, அது தண்ணீரில்லாத வறண்ட இடங்களில் அலைகிறதாக ஆண்டவர் சொல்லுகிறார்!

சரி, அந்தப் பயம் எதைக் காத்தது? நீந்தத் தெரியாத பிள்ளைகளைக் காத்தது. உள்வாயில் நின்ற கருவேல மரங்களையும், அவற்றில் கூடு கட்டிய நாரை கொக்குகளையும் காத்தது. ராத்திரியில் யாரும் மடையைத் திறந்து தண்ணீரைத் திருடாமல் பார்த்துக்கொண்டது. சம்பளம் வாங்காத காவல்காரன்!

இப்போது அந்தக் காவல்காரன் போய்விட்டான். ஆறு மணிக்குமேல் ஆள் நடமாடாத கண்மாய்களில் ராத்திரி பன்னிரண்டு மணிக்கு ஜேசிபி இறங்குகிறது. விடிவதற்குள் சவுடு மண் லாரி ஏறிவிடும். கோழிக்கடைக் கழிவும் ஆஸ்பத்திரிக் கழிவும் மூட்டை மூட்டையாய்க் கரையில் விழுகிறது. சென்னைக்குத் தெற்கே பள்ளிக்கரணை சதுப்பு நிலத்தைப் பாருங்கள். அங்கே யாரும் எந்தப் பேய்க்கும் பயப்படவில்லை. பெருங்குடியில் குப்பையைக் கொட்டினார்கள், ரோடு போட்டார்கள், கட்டடம் கட்டினார்கள். பெரும்பகுதி அழிந்தபிறகு, 2022-ல் அது ராம்சார் பட்டியலில் சேர்ந்தது. தண்ணீர் தன் பழைய இடத்தை மறக்கவில்லை. 2015 டிசம்பரில் வேளச்சேரி வீடுகளுக்குள் வந்து விசாரித்துவிட்டுப் போயிற்று.

இதையெல்லாம் பேசிக்கொண்டிருந்தபோது எங்கள் ஊர்ப் பெரியவர் ஒருவர், சபைக்கு வராதவர், என்னிடம் சொன்னார்: "முனி இல்லைன்னு நீங்கதானப்பா சொல்லிக் குடுத்தீக. இப்ப பாரு, பயலுக பயமத்துப் போயிட்டானுக. இருக்குன்னே விட்டிருக்கலாம்ல?"

பதில் சொல்ல எனக்குச் சில நாள் பிடித்தது. பொய்யை அப்படியே விட்டிருக்கலாமா? கூடாது என்றே இன்றும் சொல்லுகிறேன். "பொய் பாவம்" என்று ஒரு வரியில் முடித்துவிட மனம் ஒப்பவில்லை. வேறொரு காரணமும் உண்டு. மண் அள்ளிய குழியில் மழைத்தண்ணீர் நிற்கிறது. மேலே பார்த்தால் முழங்கால் ஆழம் மாதிரித் தெரியும். உள்ளே இரண்டு ஆள் ஆழம். ஒரு பையன் இறங்கிப் போய்விடுகிறான். ஊர் "முனி அடிச்சிருச்சு" என்கிறது. அவ்வளவுதான், விசாரணை முடிந்தது! குழி தோண்டியவன் யார் என்று ஒருவரும் கேட்பதில்லை. குழியும் மூடப்படுவதில்லை. பிள்ளையைக் காப்பாற்றுகிறதாகச் சொல்லப்பட்ட அதே முனி, பிள்ளை போனபின் குற்றவாளியைக் காப்பாற்றுகிறது.

நம்மில் சிலரும் இதற்கு விலக்கல்ல, பிரியமானவர்களே. முனி என்ற பேரை எடுத்துவிட்டு "சத்துருவின் கிரியை" என்று சொல்லி ஜெபித்துவிட்டு வந்துவிடுகிறோம். பேர் மாறிற்று, குழி மாறவில்லை.

ஆப்பிரிக்காவில் கேமரூன் தேசத்தில் நியோஸ் என்று ஓர் ஏரி உண்டு. 1986 ஆகஸ்ட் 21 ராத்திரி அதிலிருந்து கரியமில வாயு பொங்கி வந்து, சுற்றியிருந்த கிராமங்களில் 1,700-க்கும் அதிகமானவர்களைக் கொன்றுபோட்டது. ஆடுமாடுகளும் அப்படியே செத்துக் கிடந்தன. மந்திர ஏரி என்று சொல்ல இதைவிட வேறென்ன வேண்டும்? ஆனால் காரணத்தைத் தேடினார்கள். 2001-ல் ஏரியின் அடிவரை குழாய் இறக்கி, வாயுவைக் கொஞ்சம் கொஞ்சமாய் வெளியேற்றத் தொடங்கினார்கள். பேய் என்று விட்டிருந்தால் குழாய் ஏது?

ஆக, பயத்தைத் துரத்தியது சரி. துரத்தினவன் கையைக் கழுவிக்கொண்டு போனதுதான் தவறு. அதே மத்தேயு 12-ல், ஆவி போனபின் பெருக்கி, காலியாய் விடப்பட்ட வீட்டைப்பற்றியும் ஆண்டவர் பேசுகிறார். போனது ஒன்று; திரும்பி வந்தது கூட ஏழு. கண்மாய்களின் கதை எனக்கு அப்படித்தான் தெரிகிறது.

பயமில்லாமல் காக்க முடியுமா என்று கேட்பீர்கள். நம் சிவகங்கை மாவட்டத்திலேயே, திருப்பத்தூர் பக்கம், வேட்டங்குடிப் பறவைகள் சரணாலயத்துக்குப் போய்ப் பாருங்கள். 1977-ல் சரணாலயமானது. நத்தைகுத்தி நாரை, அரிவாள் மூக்கன், பாம்புத்தாரா என்று கூட்டங்கூட்டமாய் வருகின்றன. பக்கத்துக் கொள்ளுக்குடிப்பட்டி ஜனங்கள் பல தலைமுறையாகத் தீபாவளிக்கு வெடி வெடிக்கிறதில்லை. கூட்டிலிருக்கும் குஞ்சு மிரண்டுவிடும் என்ற இரக்கம்தான் காரணம். சின்னப்பிள்ளை மத்தாப்பைப் பார்த்துத் திருப்தியாகிறான் என்றால், அவனுக்கு அந்த வீட்டில் எவ்வளவு சொல்லிக் கொடுத்திருக்க வேண்டும்!

நமக்கும் கண்மாய்க்கும் விசேஷித்த சம்பந்தம் உண்டு. ஊர் பயப்படுகிற அதே தண்ணீரில்தான் நம்மில் அநேகர் ஞானஸ்நானம் எடுத்தோம். ஆராதனை முடிந்தபின் கரையில் பிளாஸ்டிக் டம்ளரும் இலையும் சிதறிக் கிடப்பதைப் பல இடங்களில் பார்த்திருக்கிறேன். அதைப் பொறுக்க இரண்டு வாலிபர் போதும். இறங்குமுன் ஒரு மூத்த சகோதரர் கம்பை ஊன்றி ஆழம் பார்க்கிறார் அல்லவா? குழி தட்டுப்படுகிற இடத்தில் ஒரு பனை மட்டையை நட்டு, சிவப்புத் துணி கட்டிவிட்டு வரட்டும். மறுநாள் மாடு மேய்க்க வருகிற பையனுக்கும் அது தெரியும்.