கூட்டத்தில் ஒரு முகம்

திரைப்படத்தில் சந்தை தெரிகிறது, நீதிமன்றம் தெரிகிறது, திருமண வீடு தெரிகிறது. அங்கே நடமாடும் மனிதரை மட்டும் நாம் பார்ப்பதில்லை. அவர்கள் இல்லையெனில் சந்தை சந்தையாகாது என்பதும் நம் நினைவுக்கு வருவதில்லை. கோடம்பாக்கம் ஒரு காலத்தில் இவர்களை ‘எக்ஸ்ட்ரா’ என்றழைத்தது. பின்னர் ‘துணை நடிகர்’ என்ற மதிப்பான பெயர் வந்தது. பணி மாறவில்லை. ஏஜெண்டு சொன்ன நேரத்துக்கு வந்து, கொடுத்த உடையை உடுத்தி, பல மணி நேரம் காத்திருந்து, காமிரா ஓடும்போது அதைப் பாராமல் நடக்க வேண்டும். பார்ப்பவர் கண்ணைத் தம் பக்கம் இழுத்துவிட்டால் வேலை கெட்டது.

1981 ஜனவரி 31 அன்று, ரிச்சர்ட் அட்டன்பரோவின் ‘காந்தி’ படத்துக்காக, அண்ணலின் இறுதி ஊர்வலம் தில்லியில் மீண்டும் நடத்தப்பட்டது. 3 இலட்சத்துக்கும் மேற்பட்டோர் திரண்டனர். 11 குழுக்கள் படம் பிடித்தன. திரையில் எஞ்சியதோ ஏறத்தாழ 125 வினாடிகளே.

பெயரும் முகமும் அறியப்படாமல் உழைப்பது இழிவா? இல்லை. கோபுரத்தில் கொத்தனாரின் பெயர் இல்லை. சேலையில் நெசவாளியின் பெயர் இல்லை. உழைப்பின் மாண்பு, செய்யும் வேலையின் பெருமையிலிருந்து அன்று, அதைச் செய்பவர் மனிதர் என்பதிலிருந்தே பிறக்கிறது என்று, அதே 1981-ஆம் ஆண்டு செப்டம்பரில் வெளியிட்ட சுற்றுமடலில் திருத்தந்தை இரண்டாம் ஜான் பால் கற்பித்தார்.

அப்படியாயின் இழிவு எங்கே தொடங்குகிறது? 2023-இல் அமெரிக்க நடிகர் சங்கம் 118 நாள் வேலைநிறுத்தம் செய்தது. பூசல்களுள் ஒன்று துணை நடிகரைப் பற்றியது. அவர் உடலைக் கணினியில் பதிவு செய்து, ஒருநாள் கூலி மட்டும் கொடுத்து, அவ்வுருவை என்றென்றும் பயன்படுத்தத் தயாரிப்பாளர்கள் விரும்புகின்றனர் என்று சங்கம் குற்றஞ்சாட்டியது, அவர்கள் மறுத்தனர். இறுதி உடன்பாட்டில் இத்தகைய உருவங்களுக்குச் சம்மதமும் ஊதியமும் பற்றிய விதிகள் இடம்பெற்றன.

நம் விருத்தாசலத்துக்கு இது எளிதில் விளங்கும். பீங்கான் பொம்மைக்கு முதலில் ஒரு மாதிரி செய்வர். அதிலிருந்து பிளாஸ்டரில் அச்செடுப்பர். அதன்பின் மாதிரி தேவையில்லை. களிமண் குழம்பை ஊற்ற ஊற்றப் பொம்மைகள் பிறக்கும். பொம்மைக்கு இது முறை. மனிதனையே மாதிரியாக்கி, அச்செடுத்ததும் அவனை வெளியே அனுப்பினால்?

“அவன்தானே கையெழுத்திட்டான்” என்பர் சிலர். அன்றைய அடுப்பு எரிய வேண்டுமே என்று இடும் கையெழுத்து முழுச் சம்மதமாகுமா? ஆயிரம் முறை நகலெடுக்கப்படும் ஒருவனின் உருவம், நாளை வேலைக்கு வரவேண்டிய ஆயிரம் பேரின் ஒருநாள் கூலியையும் விழுங்கிவிடாதா?

துணை நடிகர் விற்பது தம் ஒருநாள் உழைப்பை. முகம் அந்தக் கணக்கில் சேராது. கூட்டத்தில் ஒருவராக நிற்க அவர் இசையலாம். ஆளே வேண்டாத கூட்டத்துக்கு அச்சாக அவரைக் கேட்கும் உரிமை எவருக்கும் இல்லை.