மேன்முறையீடு எதனைத் துடைக்கும்?

குற்றவாளியெனத் தீர்க்கப்பட்டவன் மேன்முறையீடு செய்தல் நேர்மையோவென வினவுவார் உளர். நேர்மையே. என்னை? தீர்ப்பளிப்போரும் மக்களே ஆகலின் தவறுதல் கூடும். ஆயின் அம்முறையீடு எதனைத் துடைக்கும் என்பதே ஈண்டு ஆராயத்தக்கது.

அமெரிக்க நாட்டு என்ரான் நிறுவனம் கடனையும் இழப்பையும் கணக்கில் மறைத்துவந்து, 2001 டிசம்பரில் முறிந்தது. அதன் தலைவராயிருந்த கென்னத் லே 2006 மே மாதத்தில் மோசடிக் குற்றவாளியெனத் தீர்க்கப்பட்டார். முறையீடு நிகழுமுன்னரே சூலையில் இறந்தார். முறையிட வாய்ப்பின்றி இறந்தார்மேல் தீர்ப்பு நில்லாதென்னும் விதிப்படி, அக்டோபரில் அது நீக்கப்பட்டது. அஃது அவரைக் குற்றமற்றவரென நிறுவியதன்று. உடன் தண்டிக்கப்பட்ட ஜெஃப்ரி ஸ்கில்லிங் இறுதிவரை முறையிட்டார். 2010-இல் உச்சநீதிமன்றம், ஒரு சட்டப்பிரிவு கையூட்டுக்கே உரியதெனச் சுருக்கி, அவர்மேற் செல்லாதென்றது. எனினும் குற்றத்தீர்ப்பு நின்றது. 24 ஆண்டுக்கு மேற்பட்ட சிறை, 2013-இல் இருதிறத்தார் உடன்பாட்டால், 14 ஆண்டாயிற்று.

ஒருவர்க்குத் தீர்ப்பு நீங்கிற்று. மற்றவர்க்குச் சிறை குறைந்தது. முதுமைக்கென ஈட்டிய பொருளை அந்நிறுவனப் பங்குகளில் வைத்திழந்த ஊழியர்க்கோ, அவ்விழப்பு இவற்றுள் எதனாலும் நீங்கிற்றில்லை. ஆதலின் மேன்முறையீடு தீர்ப்பின் பிழையைத் துடைப்பது, செயலைத் துடைப்பதன்று. அதனை உரிமையெனக் கொள்க. தூய்மைக்குச் சான்றெனக் கொள்ளற்க.