காயம்பட்டவருக்கும் ஓர் இடம்



இன்றைய நற்செய்தியில் உயிர்த்த ஆண்டவர், தம்மை மும்முறை மறுதலித்த பேதுருவை அழைத்து, அன்பு உண்டா என்று மும்முறை கேட்கிறார். பேதுருவின் மனக்காயம் இன்னும் ஆறவில்லை. ஆனாலும் மந்தையை மேய்க்கும் பொறுப்பு அவரிடமே தரப்படுகிறது.

இந்தப் பகுதியை வாசிக்கும்போதெல்லாம் ஹைதராபாத்தின் பள்ளி ஆசிரியர் ஒருவர் என் நினைவுக்கு வருவார். சையது அப்துல் ரஹீம், இந்தியக் கால்பந்து அணியின் பயிற்சியாளராக இருந்தவர். அவர் இஸ்லாமியர். நாகூரும் வேளாங்கண்ணியும் அக்கம்பக்கமாக இருக்கும் நம் மண்ணில், மறையுரையில் அவர் பெயரைச் சொல்ல எனக்குத் தயக்கமில்லை.

1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் அவருடைய அணி யூகோஸ்லாவியாவிடம் 10-1 என்று தோற்றது. நம்மவர் பலர் வெறுங்காலோடு ஆடிய காலம் அது. நான்கே ஆண்டுகளில், மெல்போர்னில், ஆஸ்திரேலியாவை 4-2 என்று வென்று நான்காம் இடம் பிடித்தார்கள்.

1962இல் ஜகார்த்தா ஆசிய விளையாட்டு. முதல் ஆட்டத்திலேயே தென் கொரியாவிடம் 2-0 என்று தோல்வி. தாய்லாந்துடன் ஆடியபோது தடுப்பாட்டக்காரர் ஜர்னைல் சிங்குக்குத் தலை பிளந்து தையல் போட வேண்டியதாயிற்று. அவரை வெளியே உட்காரவைத்திருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். ரஹீமோ அவரை முன்களத்தில் நிறுத்தினார்! தென் வியட்நாமுக்கு எதிரான அரையிறுதியில் ஜர்னைல் ஒரு கோல் போட்டார். செப்டம்பர் 4, இறுதி ஆட்டம். அரங்கமே நம் அணிக்கு எதிராகக் கூச்சலிட்டது. காய்ச்சலிலிருந்து எழுந்துவந்த தங்கராஜ் கோல் காத்தார். பி.கே. பானர்ஜி ஒன்று, ஜர்னைல் ஒன்று. அதே கொரியாவை 2-1 என்று வென்று தங்கம் பெற்றார்கள்.

அந்தத் தங்கத்தைவிட, தையல் போட்ட மனிதரை ரஹீம் பார்த்த பார்வைதான் எனக்குப் பெரிது. நடவு முடிந்த வயலில் பயிர் வாடி மஞ்சளித்து நின்றால் பிடுங்கியா எறிகிறோம்? பச்சை பிடிக்கும்வரை தண்ணீர் கட்டிக் காக்கிறோமே! பத்தாம் வகுப்பில் தவறிய மகனிடம், வாழாமல் திரும்பிவந்த மகளிடம், குடியை விட்டுவிட்டு வேலை தேடும் தம்பியிடம் அந்தப் பொறுமை நமக்கு ஏன் வருவதில்லை? நம் அன்பியக் கூட்டங்களில்கூட அவர்களுக்குப் பாய் விரிக்கிறோம், பொறுப்புத் தருவதில்லை. பேதுருவுக்கு ஆண்டவர் ஆறுதல் மட்டும் சொல்லி அனுப்பவில்லை.

ரஹீம் அடுத்த ஆண்டு ஜூன் மாதம் புற்றுநோயால் இறந்தார். வயது 53தான். அவரிடம் பழகிய பானர்ஜி பின்னாளில் தாமே பெரும் பயிற்சியாளராகி, கொல்கத்தாவில் எத்தனையோ இளைஞர்களை ஆளாக்கினார்.

அன்பியப் பொறுப்பாளர்களே, அடுத்த கூட்டத்தில் செபத்தை வழிநடத்த, நெடுநாளாக யாரும் அழைக்காத ஒருவரின் வீட்டுக்கு நீங்களே போய் அழையுங்கள். அவர் மறுத்தால் இன்னொரு முறை போங்கள்.